கடலை வறுத்த மணல்

எங்கள் அப்பா இலங்கைத்துறையில் மீனவர் குடும்பத்தில் பிறந்தவர். தகப்பனைக் கடல் கொண்டுபோனதால் அவர் தோணியில் கால் வைக்கவில்லை. அம்மாவைக் கைப்பிடித்து, எங்கள் வழக்கப்படி பெண்வீடு இருந்த சாம்பல்தீவில் குடியேறினார். பிறகு வடக்கே, கடற்கரை மணலைப் பிரித்தெடுக்கும் ஆலையில் வேலை கிடைத்தது. கிழமைக்கொருமுறை பஸ்ஸில் வீடு வருவார். யாருக்கும் தீங்கு நினையாதவர். கோபம் மட்டும் கொஞ்சம் முன்னுக்கு நிற்கும்.

அம்மா கோயில் வாசலில் கடலை வறுத்து விற்றார். மணல் நல்லதாக இருந்தால்தான் கடலை கருகாது. ஆலையில் பிரித்த மஞ்சள் மணல் பாரமானது, தூசியில்லாதது, சூட்டைப் பிடித்து வைப்பது. அப்பா ஆசையோடு ஒரு பை கொண்டுவந்தார். அம்மாவின் கடலைக்கு நல்ல பெயர் வந்தது. மணலைச் சலித்துக் கொடுப்பது என் தங்கச்சியின் வேலை.

மறுவருடம் ஆலைக்கு வந்த அதிகாரி ஒருவர், அந்த மணலில் அணு மின்சாரத்துக்கு எடுக்கும் பொருள் இருக்கிறது, வீட்டுக்குக் கொண்டுபோகக் கூடாது என்றாராம். அன்றே அப்பா ஓடிவந்து மணலை அள்ளிக் கட்டினார்.

"இந்த மண்ணுக்கு என்ன குறை?" என்று அம்மா கேட்டார்.

"சொன்னதைக் கேளும். வேற மண்ணிலை வறுக்கலாம்."

காரணத்தை ஒருவருக்கும் சொல்லவில்லை. அம்மாவின் பிழைப்புக் கெடும் என்று பயந்திருப்பார்.

சில வருடங்களில் தங்கச்சிக்கு இரத்தப் புற்றுநோய் வருத்தம் கண்டது. பத்து வயதில் போய்விட்டாள். அதன்பின் அப்பா கடலையைக் கண்டால் எழுந்து போய்விடுவார். கண்மூடும்வரை அம்மாவுக்கும் காரணம் தெரியாது. மூத்த மகளான எனக்கே அப்பா தன் கடைசி நாட்களில் ஆஸ்பத்திரியில்தான் சொன்னார்.

"பிள்ளை, அந்த மண்ணாலைதானோ தங்கச்சி போனவள்?"

"இல்லை அப்பா."

"உனக்கு என்னண்டு தெரியும்?"

எனக்குத் தெரியாது. டாக்டரிடம் கேட்டேன். "ஓம் எண்டும் இல்லை எண்டும் சொல்ல ஏலாது" என்றார். அதை அப்படியே அப்பாவிடம் சொன்னேன். எனக்கு அவர்மேல் கோபமும் வந்தது, அழுகையும் வந்தது.

"அயலுக்கெண்டாலும் சொல்லியிருக்கோணும். என்னாலை ஏலாமப் போச்சு," என்றார். மூன்றாம் நாள் எங்களைப் பிரிந்தார்.

பந்தல் போட்டவர்களுக்கும், பாடை சுமந்தவர்களுக்கும், எங்கள் அடுப்பு எரியாத நாட்களில் சோறு கொண்டுவந்தவர்களுக்கும் அப்பா பிரிந்த இந்த முப்பத்தோராம் நாளில் கைகூப்புகிறேன். உங்களில் பலர் சின்ன வயதில் அந்தக் கடலையை வாங்கித் தின்றவர்கள். அப்பா சொல்லாமல் போனதை நான் சொல்லிவிட்டேன். இதை வாசித்த பிறகும் எங்கள் வீட்டுப் படியேற உங்களுக்கு மனம் வந்தால், வாருங்கள்.

மூத்த மகள்