பாட்டுக்கு அடியில் போன பேச்சு

வீடியோ எடுக்கிறவனுக்குத் தோள் வலிக்கும் என்பார்கள். எனக்கு வலித்ததெல்லாம் காதுதான். ஹெட்போன் மாட்டினால் கேட்கக் கூடாததெல்லாம் வந்து விழும். கல்யாண வீடியோவை முழுசாகப் பார்த்துத் தொலைத்த சக பாவிகளே, ஒரே வீட்டில் நான் பட்டதைச் சொல்கிறேன்.

தட்டு மாற்றியபோது

2006, பண்ருட்டியில் நிச்சயதார்த்தம். பெண் கலைவாணிக்கு பி.எட். படிக்க ஆசை. தட்டு மாற்றும் நேரத்தில் அவள் அப்பா, "படிப்பு மட்டும்..." என்று இழுத்தார். மாப்பிள்ளையின் அம்மா கேமராவைப் பார்த்தே சொன்னார்:

"கல்யாணமானா என்னங்க? எங்க வூட்டுலேர்ந்தே காலேஜ் போவட்டும், யாரு தடுக்கப் போறா?"

விளக்கேற்றியபோது

கல்யாணம் முடிந்து கடலூரில் மாப்பிள்ளை வீடு. கலைவாணி விளக்கேற்ற, முகத்துக்கு ஜூம் போனேன். பக்கத்தில் நின்ற மாமியார், உதட்டில் சிரிப்பு கலையாமல், "புஸ்தவத்தையெல்லாம் ஒங்க வூட்டுலயே வுட்டுட்டுதான வந்த?" என்று கேட்டது ஹெட்போனில் தெளிவாக விழுந்தது. தீக்குச்சி அணைந்தது. மாமியார் என் பக்கம் திரும்பினார்:

"பொண்ணு சிரிக்கிறாப்ல இன்னொருவாட்டி எடுத்துக்க தம்பி."

மிக்ஸிங்

காட்சிகளை வெட்டிப் பாட்டுச் சேர்க்கும் மிக்ஸிங் நாளன்று, சிதம்பரத்தில் என் ஸ்டூடியோவுக்கு மாமியாரே வந்து உட்கார்ந்துவிட்டார். பழைய சேலை தெரிகிறது, இன்னார் வரவில்லை என்று மற்ற வீட்டார் சொல்லும் குறை எதையும் அவர் சொல்லவில்லை. நிச்சயதார்த்தத்தில் தன் காலேஜ் பேச்சு வந்ததும் மட்டும் திரையில் விரலை வைத்து, "இங்க பாட்டு போடு" என்றார். நாதஸ்வரத்தைப் போட்டுப் பேச்சை அமுக்கினேன்.

"ஆங், இப்பதான் கல்யாண வூடு மாரி இருக்குது."

ஒரிஜினல் கேசட்

அடுத்த வருஷம் கலைவாணி தனியாக வந்தாள். பி.எட். சேர நாலு நாள்தான் பாக்கி. "காலேஜ் போவட்டும்னு சொல்லவே இல்லங்கறாங்க அத்த. வூட்டுக்காரருக்கும் ஞாபகமில்லையாம். பாட்டு போடாத கேசட் இருக்குதாண்ணே?"

இருந்தது. போட்டேன். திரையில் வடலூர்க்காரர் ஒருவரின் புதுவீட்டில் பால் பொங்கிக்கொண்டிருந்தது. மிக்ஸிங் முடிந்த கேசட்டில் பழையதை அழித்து அதன் மேலேயே அடுத்த விசேஷத்தை எடுப்பது எங்கள் தொழில் வழக்கம். எனக்கு அவமானத்தில் வியர்த்துவிட்டது. அழுவாள் என்று பயந்தேன். அவள் அழவில்லை, என் காதையே பார்த்தாள்.

"கேசட்டு போனா போவுது. நீங்க கேட்டீங்கல்ல? வூட்டுக்கு வந்து சொல்லுங்கண்ணே."

நான் வீடியோ எடுத்த வீடுகளில் கேமரா இல்லாமல் போனது அதுதான் முதல்; மாமியார் முன்னால் சொல்ல வேண்டியதைச் சொல்லி முடிக்கும்வரை இரண்டு கையையும் எங்கே வைப்பதென்றே தெரியவில்லை.