தபீதாள் தொடாத கட்டுரை

கல்யாணமாகி இத்தனை வருஷம் கழித்துத்தான் தன் மனைவி எப்பேர்ப்பட்டவள் என்று லாசரஸுக்குத் தெரியவந்தது.

தபீதாள் சேலையூரில் ஒரு பள்ளிக்கூடத்தில் உயிரியல் டீச்சர். விடைத்தாள் திருத்தி, சமையலும் முடித்து மிஞ்சுகிற நேரத்தில், யார் வேண்டுமானாலும் எழுதக்கூடிய ஓர் இணையக் கலைக்களஞ்சியத்தில் தமிழ்க் கட்டுரைகள் எழுதுவாள். அது அவளுடைய பொழுதுபோக்கு என்றுதான் லாசரஸ் நினைத்திருந்தார்.

அவர் நாவலூரில் ஓர் ஐ.டி. கம்பெனியில் கணக்குப் பிரிவில் இருந்தவர். மேடவாக்கத்தில் குடியிருந்தபோது எதிர் மொட்டைமாடியில் செல்போன் டவர் முளைத்தது. சில மாதங்களில் அவருக்கு உடம்பெல்லாம் எரிய ஆரம்பித்தது. தூக்கம் போயிற்று. பார்க்காத டாக்டர் இல்லை; எல்லா ரிப்போர்ட்டும் நார்மல். சேலையூருக்கு வீடு மாற்றியும் எரிச்சல் கூடவே வந்தது. வேலையை விட்டார். அப்போதுதான் பிரசன்னா என்கிற இளம் இயக்குநர், டவரால் நோய் வந்ததாகச் சொல்பவர்களைப் பற்றி ஆவணப்படம் எடுத்தார். கேமரா முன்னால் லாசரஸ் வாய்விட்டு அழுதார்.

படம் பேசப்பட்டது. கலைக்களஞ்சியத்தில் அதைப் பற்றிக் கட்டுரை வந்த நாளிலிருந்து சண்டைதான். ஒருவர் "டவர் நோயை அம்பலப்படுத்திய படம்" என்று எழுத, இன்னொருவர் அதை அழித்துவிட்டு "மனப்பிராந்தி பிடித்தவர்களின் புலம்பல்" என்று எழுதினார். லாசரஸ் துடித்துப்போனார்.

"தபீ, நீ போய் உண்மையை எழுது. எல்லாம் கண்ணால பாத்தவ நீ."

"நான் எழுதக் கூடாதுங்க. நீங்க அந்தப் படத்துல இருக்கீங்க. நான் பாத்ததும் அங்க ஆதாரமாகாது."

"அப்போ நீயே என்னை நம்பலை?"

"உங்களுக்கு எரியுதுன்னா எரியுது, அதுல எனக்கு டவுட்டே இல்லை. டவராலதான் எரியுதான்னு எனக்குத் தெரியாது. தெரியாததைத் தெரியும்னு எப்படிங்க எழுதறது?"

கொஞ்ச நாள் லாசரஸ் கோபமாகவே இருந்தார். பிறகு மனசு கேட்காமல், கட்டுரையைப் பற்றி எல்லோரும் விவாதிக்கும் பக்கத்தைப் போனில் திறந்தார். தபீதாள் அங்கே எழுதியிருந்தாள்: "படத்தில் வரும் லாசரஸ் என் கணவர். ஆகவே கட்டுரையில் நான் கை வைக்கமாட்டேன். கிடைத்த ஆதாரங்களை இங்கே வைக்கிறேன், மற்றவர்கள் முடிவு செய்யட்டும்."

கட்டுரையில் இருந்த, படத்தைப் புகழ்ந்த ஒரு டாக்டரின் வாசகம் படக்குழுவின் விளம்பரத்திலிருந்து எடுத்தது, அது செல்லாது என்றாள். செல்போன் அலை இருக்கிறதா இல்லையா என்று சொல்லாமல் நடத்திய சோதனைகளில், பாதிக்கப்பட்டவர்களால் வித்தியாசம் கண்டுபிடிக்க முடியவில்லை என்ற ஆய்வுகளையும் வைத்திருந்தாள். லாசரஸ் போனை மூடப் போனார். ஆனால் அடுத்த பத்தியில் "மனப்பிராந்தி"யையும் அவள் விட்டுவைக்கவில்லை. அது யாரோ வலைப்பூவில் செய்த கிண்டல், அதுவும் செல்லாது என்றாள். அந்த ஆய்வுகளோ, வேதனை உண்மையானது, ஆளையே முடக்கிப்போடக்கூடியது, காரணம்தான் நிறுவப்படவில்லை என்கின்றன என்று பக்க எண்ணோடு காட்டியிருந்தாள்.

இரண்டு தரப்பும் அவளை ஏசியிருந்தன. "டவர் கம்பெனிக்காரன் கைக்கூலி" என்றார் ஒருவர். "புருஷனுக்கு வக்காலத்து" என்றார் மற்றவர். அவள் இருவருக்கும் ஒரே பதிலைத்தான் எழுதியிருந்தாள்: "இணைத்திருக்கும் ஆய்வை ஒருமுறை வாசியுங்கள், ஐயா."

விடிய விடியத் தன் முதுகில் ஈரத்துணி போட்ட கைதான் இதையும் எழுதியிருக்கிறது. கோயிலில் சுவிசேஷ வாசிப்புக்கு எழுந்து நிற்பதுபோல லாசரஸ் தன்னையறியாமல் எழுந்து நின்றார்.

கடைசியில் கட்டுரையைத் திருத்தி எழுதியது முகம் தெரியாத யாரோ ஒருவர். படம் சொல்வதைப் படம் சொல்வதாகவும், மருத்துவம் சொல்வதை மருத்துவம் சொல்வதாகவும் எழுதிய சின்னக் கட்டுரை. அது நிலைத்துவிட்டது.

பிரசன்னா கோபமாகப் போன் செய்தார். "சார், உங்க மிஸஸ் நம்ம பக்கமா, எதிர்ப் பக்கமா?"

"நீங்க என்னை அழ வெச்சீங்க பிரசன்னா. என் வலி பொய்யில்லைன்னு ஆதாரத்தோட காட்டினது அவதான்."

அதன்பிறகு லாசரஸ் வலிக்குச் சிகிச்சை தரும் டாக்டரிடம் போக ஒத்துக்கொண்டார். எரிச்சல் முழுதாகப் போகவில்லை; தூக்கம் திரும்பியிருக்கிறது.

ஒருநாள் சாதம் வடித்துக்கொண்டிருந்தவளிடம் கேட்டார்: "அந்த ஆய்வெல்லாம் எனக்கு எதிரா இருந்துடுமோன்னு உனக்குப் பயமா இல்லையா?"

"நடுங்கிக்கிட்டேதாங்க படிச்சேன்," என்றாள் தபீதாள்.

லாசரஸ் அவள் கையிலிருந்து பானையை வாங்கி, மிச்சக் கஞ்சியைத் தானே வடித்தார்.