மடித்து வைத்த மாவட்டம்

கிரீன் கார்டுக்குக் கைரேகை கொடுக்க இர்விங் குடியேற்ற அலுவலகத்துக்குப் போனபோது, பக்கத்து நாற்காலியில் ஒரு ஜெர்மானியப் பெரியவர் இருந்தார். டெக்சாஸ் வெயிலிலும் கம்பளிக் கோட்டு. மடியில் ஒரு பழைய வரைபடம். அதில் ஒரே இடத்தைக் கட்டைவிரலால் தடவிக்கொண்டே இருந்தார். அங்கே காகிதம் தேய்ந்து ஓட்டை விழுந்து, அடியிலிருந்த கோட்டு தெரிந்தது.

"நான் பிறந்த கோஸ்லின் மாவட்டம்," என்றார் ஆங்கிலத்தில். "போருக்குப் பிறகு போலந்துக்குப் போய்விட்டது. ஊர்கள் இருக்கின்றன. எங்கள் வீடும் இருக்கிறது. மாவட்டம்தான் இல்லை. நாங்களும் இல்லை."

எனக்குப் பகீரென்றது. அவர் கால் தரையில் பாவுகிறதா என்று குனிந்து பார்த்தேன். நல்லவேளை, பாவியிருந்தது.

"உங்களுக்கு எந்த மாவட்டம்?"

"வட ஆற்காடு, சார்." சொன்ன பிறகுதான் உறைத்தது. போனில் தேடினேன். வரைபடத்தில் அப்படி ஒரு மாவட்டமே இல்லை. மனைவியைக் கூப்பிட்டேன்.

"ஏய், நான் பொறந்த மாவட்டத்தையே காணோம்டி! ஃபார்மை ரிஜெக்ட் பண்ணிடுவான்!"

"அதைப் பிரிச்சு எத்தனை வருஷமாச்சு! கத்தாம கையை வெச்சிட்டு வாங்க."

பெரியவர் வரைபடத்தை மடித்தார். "தடவிக்கொண்டே இருங்கள். விட்டால் போய்விடும்."

கார்டு வந்துவிட்டது. ஆனாலும் பாஸ்போர்ட்டில் 'வட ஆற்காடு' என்ற எழுத்துகளைத் தினமும் தடவிப் பார்க்கிறேன். மங்கிக்கொண்டு வருகின்றன.

"கண்ணாடியைப் போட்டுப் பாருங்க," என்கிறாள் மனைவி.

போட்டுக்கொண்டுதான் பார்க்கிறேன்.