மகள் வாங்காத வைரங்கள்

சிங்கப்பூரில் டோபி காட் நிலையத்துக்குப் போகும் ரயிலில், ஒரு கட்டத்தைத் தாண்ட முடியாத ஆத்திரத்தில், போன் விளையாட்டில் அறுபது வெள்ளி கட்டி, ஆட்டத்தில் செலவழிக்கும் வைரங்கள் வாங்கினேன். இறங்குவதற்குள் எல்லாம் தீர்ந்துவிட்டன. தெரியாமல் வாங்கிவிட்டதாகச் சொல்லிப் பணத்தைத் திருப்பிக் கேட்டேன், விளையாட்டு நிறுவனத்தில் மறுத்துவிட்டார்கள். மறுபடி விண்ணப்பித்தபோது, ‘அனுமதியின்றிக் குழந்தை வாங்கியது’ என்ற காரணத்தைத் தேர்ந்தெடுத்தேன். இரண்டே நாளில் பணம் வந்தது. கூடவே, பிள்ளையைக் கண்காணிக்கச் சொல்லி ஒரு மின்னஞ்சலும் வந்தது.

தேக்கா உணவங்காடியில் சாப்பிடும்போது, என் போனைப் பார்த்துக்கொண்டிருந்த பத்து வயது மகள் அந்த மின்னஞ்சலைப் படித்துவிட்டாள்.

“நான் எதுவும் வாங்கலையேம்மா?”

“சும்மா போட்டேன் லா, காசு வரணும்ல?” என்றேன். வெட்கமில்லாமல் சிரித்தேன் வேறு.

இப்போதெல்லாம் போனை நீட்டினால் கையைப் பின்னால் கட்டிக்கொள்கிறாள்.

“வேணாம்மா. அப்புறம் நான்தான் வாங்குனேன்னு எழுதுவீங்க.”