சுற்றிக்காட்டிய பெண்

சாரல் மாதத்தில் அக்காவும் அத்தானும் திருவேங்கடத்திலிருந்து தென்காசிக்கு வந்து என் வீட்டில் தங்குவார்கள். குற்றாலத்தில் குளிப்பதற்காகவே வருவது. அத்தான் ராணுவத்திலிருந்து ஓய்வு பெற்றவர். இப்போது கரிசலில் உளுந்தும் பருத்தியும் போடுகிறார். அருவிக்கு அடியில் போய் நின்றுவிட்டால் அவரை வெளியே இழுப்பது சிரமம்.

போன வருஷம் அவர்கள் வந்தபோது மலையில் நல்ல மழை. மெயின் அருவியில் வெள்ளம் கொட்டியதால் குளிக்கத் தடை போட்டிருந்தார்கள். ஐந்தருவிக்குப் போனோம். அங்கேயும் கயிறு கட்டியிருந்தது. தலையில் தேய்த்த எண்ணெயோடு அத்தான் கயிற்றுக்கு இந்தப் பக்கம் நின்று கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு வந்து காரில் ஏறிக்கொண்டார். கார் ஓட்டியது நான். அப்படியே வீட்டுக்குத் திரும்ப மனமில்லாமல் செங்கோட்டை தாண்டி பண்பொழிப் பக்கம் விட்டேன். மலையடிவாரத்தில் ஒரு பலகை தெரிந்தது: பழங்குடியினர் வாழும் அருங்காட்சியகம்.

"யாரு வாழுதா அங்கன?" என்று அக்கா கேட்டாள்.

மனிதர்களே குடிசைகளில் உட்கார்ந்து தங்கள் வாழ்க்கையைச் செய்து காட்டுவார்கள், வெளிநாடுகளில் இப்படி உண்டு என்று நான் எங்கோ படித்ததைச் சொன்னேன். யாரோ ஒரு தோட்டக்காரர் தென்னந்தோப்பின் பின்பக்கத்தை இதற்காக ஒதுக்கியிருக்கிறார் என்று அலுவலகத்தில் பேசிக்கொண்டதும் நினைவுக்கு வந்தது. அத்தானுக்கு எங்கேயாவது போனால் போதும் என்றிருந்தது. இறங்கினோம்.

கேட்டைத் தாண்டி ஒரு ஓடை. அதன் மேல் தாழ்வான தரைப்பாலம். அக்கரையில் குடிசைகள். எங்களைத் தவிர வேறு ஆட்கள் இல்லை. சுற்றிக்காட்ட ஒரு பெண் வந்தாள். கல்லூரி முடித்து ஒன்றிரண்டு வருஷம் ஆகியிருக்கலாம். சுடிதாரின் மேல் பச்சை நிறக் கோட்டு, இடுப்பில் சின்ன ஸ்பீக்கர், கன்னத்தோடு ஒட்டிய மைக். மூன்று பேருக்கு மைக் தேவையில்லைதான். ஆனாலும் போட்டுக்கொண்டு பேசினாள். செய்தி வாசிப்பவர்களின் தமிழ்.

முதல் குடிசை காணிக்காரர்களுடையது. ஒரு கிழவர் மூங்கில் பிளந்துகொண்டிருந்தார். எங்களை நிமிர்ந்து பார்க்கவில்லை. அடுத்தது பளியர் குடிசை. உள்ளே நடுவயதுப் பெண் ஒருத்தி தோண்டுகுச்சியைப் பக்கத்தில் சாத்திவைத்துவிட்டுக் கிழங்கைச் சீவிக்கொண்டிருந்தாள். கழுத்தில் பாசிமணி. ரவிக்கை இல்லாமல் சேலையைத் தோளில் முடிச்சுப் போட்டிருந்தாள்.

"இவர்கள் வள்ளிக்கிழங்கும் தேனும் உண்டு வாழ்பவர்கள்," என்று சுற்றிக்காட்டும் பெண் ஆரம்பித்தாள். "காட்டை விட்டுப் பெரும்பாலும் வெளியே வருவதில்லை. கூச்ச சுபாவம் உடையவர்கள்."

அத்தானுக்கு இப்போதுதான் உற்சாகம் வந்தது. அவர் வடகிழக்கில் மலைக்கிராமங்களின் நடுவே முகாமில் இருந்தவர். அங்கே பார்த்ததையெல்லாம் வைத்துக்கொண்டு கேள்வி கேட்டார். இவர்கள் எலி சாப்பிடுவார்களா, தினமும் குளிப்பார்களா, கல்யாணம் எல்லாம் முறைப்படி நடக்குமா என்று. அந்தப் பெண் ஒவ்வொன்றுக்கும் முகம் மாறாமல் பதில் சொன்னாள். இவர்கள், இவர்களுடைய, இவர்களிடம். கிழங்கு சீவும் பெண் சீவிக்கொண்டே இருந்தாள். இந்தம்மாவுக்கு நாம் பேசுவது புரியுமா என்று அத்தான் கேட்டார். புரியும் என்றாள் சுற்றிக்காட்டும் பெண்.

அத்தான் போனை எடுத்தார். குச்சியைக் கையில் பிடிக்கச் சொல்லி ஒரு படம் எடுத்தார். திருப்தியாகவில்லை.

"கொஞ்சம் சிரிக்கச் சொல்லும்மா," என்று சுற்றிக்காட்டும் பெண்ணிடம் சொன்னார்.

"சிரிங்க," என்றாள் அவள்.

கிழங்குக்காரப் பெண் சிரித்தாள். அத்தான் எடுத்துக்கொண்டார்.

அடுத்த குடிசைக்கு நகரும்போதே மழை இறங்கியது. தூறல், பிறகு பெருமழை என்று படிப்படியாக வரவில்லை. ஒரே சமயத்தில் மலை மறைந்துவிட்டது. திரும்பவும் பளியர் குடிசைக்குள்ளேயே ஓடினோம். சுற்றிக்காட்டும் பெண் மட்டும் பாலத்தைப் பார்த்து வருகிறேன் என்று குடையில்லாமல் போனாள். திரும்பி வந்தபோது தலையிலிருந்து கால்வரை சொட்டியது. பாலத்துக்கு மேலே தண்ணீர் போகிறது, அக்கரையில் வாட்ச்மேன் கைகாட்டி நிறுத்திவிட்டார், வடிந்த பிறகுதான் போகமுடியும் என்றாள். மைக் நனைந்திருந்தது. கழற்றி ஸ்பீக்கரோடு ஒரு மூலையில் வைத்தாள். மைக் இல்லாமல் அவள் குரல் சின்னதாக இருந்தது.

கிழங்குக்காரப் பெண் எழுந்து முறங்களுக்குப் பின்னாலிருந்து ஒரு வயர்கூடையை இழுத்தாள். அதற்குள் சாப்பாட்டு டப்பா, ரவிக்கை, துண்டு எல்லாம் இருந்தன. துண்டை உதறினாள்.

"ஏட்டி, இங்கன வந்து உக்காரு. தலையப் பாரு."

"டூட்டில இருக்கேம்மா," என்றாள் அந்தப் பெண், எங்களைப் பார்க்காமல்.

"மழையில என்னட்டி டூட்டி?"

அவள் உட்கார்ந்தாள். அம்மா அவள் பின்னலை அவிழ்த்துத் துவட்ட ஆரம்பித்தாள். முழு வலுவோடு துவட்டினாள். பெண்ணின் தலை அப்படியும் இப்படியும் ஆடியது.

"ஒங்க மகளா?" என்று அக்கா கேட்டாள்.

"மூத்தவ."

அத்தான் வாசல் பக்கம் திரும்பி மழையைப் பார்த்தார். போன் இன்னும் அவர் கையில்தான் இருந்தது. நான் என்ன நினைத்தேன் என்று இப்போது சொல்வது கடினம். அவள் கடைசியாகச் சொன்ன 'இவர்கள்' எந்த வாக்கியத்தில் வந்தது என்று யோசித்துக்கொண்டிருந்தேன் என்றுதான் ஞாபகம்.

கூரை ஒழுக ஆரம்பித்தது. அம்மா ஒரு சட்டியை நகர்த்தி வைத்தாள். ஒங்க வீடும் இப்படி ஒழுகுமா என்று அக்கா விசாரித்தாள். இது செங்கோட்டை காண்ட்ராக்டர் காட்சிக்குக் கட்டினது என்றாள் அம்மா. அவர்களுடையது அரசாங்கம் கட்டிக்கொடுத்த காங்கிரீட்டு வீடு. அதுவும் ஒழுகும்.

அக்காவிடம் ஒரு குணம் உண்டு. எங்கே உட்கார்ந்தாலும் பக்கத்திலிருப்பவர் கதையைக் கேட்டுவிடுவாள். கிழங்குச் சீவல்களை ஒதுக்கிவிட்டு அந்த அம்மாவின் அருகிலேயே உட்கார்ந்துகொண்டாள். திருப்பூரில் பனியன் கம்பெனியில் அந்த அம்மா வெகுகாலம் வேலை பார்த்தாள் என்பதும், அங்கே சம்பாதித்துத்தான் மூத்தவளைப் படிக்கவைத்தாள் என்பதும், வீட்டுக்காரர் வனத்துறையில் தற்காலிக வேலையில் இருக்கிறார் என்பதும் அப்படித்தான் தெரிந்தன. இங்கே வேலை கிடைத்ததும் ஊர் திரும்பிவிட்டாளாம். வீட்டுக்குப் பக்கம், உட்கார்ந்து செய்கிற வேலை. கிழங்கு தோண்டத் தெரியும். அதை ஆட்கள் முன்னால் செய்வதற்குத்தான் முதலில் கூச்சமாக இருந்ததாம்.

"இவ ஒப்பிக்கதுல பாதி எங்க மாமியா காலத்துச் சமாச்சாரம்," என்றாள். "ஓனரு எழுதிக் குடுத்தத மாத்தப்பிடாதாம்."

அத்தான் வாசலிலிருந்து திரும்பினார்.

"அம்மான்னு சொல்லியிருக்கலாமேம்மா," என்றார் அந்தப் பெண்ணிடம். "நான் என்னெல்லாமோ கேட்டேன்."

"சொன்னா ஆளுக கேக்க மாட்டாவ சார். சும்மா பாத்துட்டுப் போயிருவாவ," என்றாள் அவள். "ஒருநாள் சொல்லிப் பாத்தேன். ஒரு அம்மா எங்க ரெண்டு பேரையும் பாத்து அழுதுட்டாவ. அது இதைவிடக் கஷ்டம்."

அத்தான் தலையாட்டினார். அவர் மன்னிப்புக் கேட்டுப் பழக்கமில்லாதவர். அக்கா கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் கேட்டதில்லை என்பாள். அன்றும் கேட்கவில்லை. அந்த அம்மாவிடம் போய்க் குனிந்து போனை நீட்டினார். தான் எடுத்த படத்தைக் காட்டி, வேண்டாம் என்றால் அழித்துவிடுகிறேன் என்றார்.

அவள் வாங்கிப் பார்த்தாள். விரலால் பெரிதாக்கிப் பார்த்தாள்.

"அழிச்சிருங்க. பல்லு நல்லாருக்காது எனக்கு," என்றாள். பிறகு, "மகளோட ஒண்ணு எடுத்துத் தாங்க. ரெண்டு பேருமா இங்கன எடுத்ததே கெடையாது. வாரவுகளே எடுத்துட்டுப் போறாக," என்றாள்.

பெண் வேண்டாம் என்றாள், தலை இப்படி இருக்கும்போது என்ன படம் என்றாள். அம்மா விடவில்லை. பாசிமணியைக் கழற்றிக் கூடைக்குள் போட்டுவிட்டு, மறைவில் போய் ரவிக்கை மாட்டிக்கொண்டு வந்தாள். இரண்டு பேரும் சுவரோரமாக நின்றார்கள். பெண்ணின் தலையில் துண்டு, மேலே அந்தப் பச்சைக் கோட்டு. அம்மா வாயை மூடிக்கொண்டு விறைப்பாக நின்றாள். அத்தான் யாரையும் சிரிக்கச் சொல்லவில்லை. வெளிச்சம் போதாமல் பல தடவை எடுத்தார். பெண்ணின் நம்பரை வாங்கி அங்கேயே அனுப்பினார். சிக்னல் இல்லாததால் அது போகாமல் சுற்றிக்கொண்டிருந்தது.

மழை விட்டும் தண்ணீர் வடிய நேரம் பிடித்தது. வேலை நேரம் முடிந்துவிட்டிருந்ததால் மூங்கில் பிளந்த கிழவரும் சட்டை பேண்ட் போட்டுக்கொண்டு வந்து எங்களோடு பாலத்தருகே நின்றார். வாட்ச்மேன் சரி என்றதும் எல்லாரும் கைபிடித்துத் தாண்டினோம். மற்ற குடிசைகளை நாங்கள் பார்க்கவில்லை. இன்னொரு நாள் வந்தால் டிக்கெட் எடுக்காமலே விடச் சொல்கிறேன் என்றாள் பெண். அது அவள் வேலையில் சொல்லவேண்டிய பேச்சா, அவளாகச் சொன்னதா, தெரியவில்லை.

பஸ் போய்விட்டிருந்தது. அம்மாவையும் மகளையும் காரில் ஏற்றிக்கொண்டேன். அத்தான் முன் சீட்டை அம்மாவுக்கு விட்டுவிட்டுப் பின்னால் உட்கார்ந்தார். வழியெல்லாம் அவள் எங்களைக் கேட்டாள். எங்கள் ஊர் எது, கரிசலில் என்ன விளையும், மழையில்லாமல் எப்படி அங்கே இருக்கிறீர்கள், நான் ஏன் கல்யாணம் செய்துகொள்ளவில்லை என்று. நான் பதில் சொன்னேன். சில பதில்கள் எனக்கே புதிதாக இருந்தன. பெண் பின்னால் அக்காவின் தோளில் சாய்ந்து தூங்கிப்போனாள்.

அவர்கள் குடியிருப்புக்குப் பிரியும் இடத்தில் அம்மா இறக்கச் சொன்னாள். வீடுவரை விடுகிறேன் என்றதற்கு, ரோடு கெட்டுப்போய்க் கிடக்கிறது, கார் மாட்டிக்கொள்ளும் என்றாள். மகளை எழுப்பினாள். "வாரோம்" என்று எல்லாரிடமும் பொதுவாகச் சொல்லிவிட்டு இரண்டு பேரும் சேற்றைத் தவிர்த்து ஓரமாக நடந்து போனார்கள்.

வழியில் மறுபடியும் தூறியது. இலஞ்சி தாண்டியதும் வைப்பரை நிறுத்தினேன். தென்காசியில் தெருவெல்லாம் காய்ந்து கிடந்தது. அங்கே ஒரு பொட்டு மழை இல்லை.