கரண்ட் எஸ்தர்

போன வாரம் தஞ்சாவூர் மார்க்கெட்டில் கத்தரிக்காய் பொறுக்கிக்கொண்டிருந்தபோது குத்தாலத்திலிருந்து எஸ்தரின் தம்பி போன் செய்தார். "அக்கா தவறிட்டாங்கண்ணே. தூக்கத்துலயே போயிட்டாங்க" என்றார். பிறகு அவரே, "சர்ச்சுல இரங்கல் கூட்டம் இருக்கு. நீங்க வந்து அந்தக் கரண்டு கதையச் சொல்லுங்க. அக்காவுக்கு அது ரொம்பப் பிடிக்கும்" என்றார்.

போய்ச் சொன்னேன். எல்லாரும் சிரித்தார்கள், அழுதுகொண்டிருந்தவர்கள் உட்பட. ஆனால் அந்தக் கதையில் ஆள் மாறியிருக்கிறது. பல வருடங்களாக நான் அதை மாற்றித்தான் சொல்லி வருகிறேன். அன்று மைக் முன்னாலாவது திருத்தியிருக்கலாம், தைரியம் வரவில்லை. எஸ்தரை அறிந்தவர்களுக்காக இப்போது எழுதுகிறேன்.

உள்காது ஒலியை எப்படி அறிகிறது என்ற ஒரே கேள்வியோடு வாழ்ந்தவர் எஸ்தர். அவருடைய அப்பா பம்புசெட் மெக்கானிக். ஓடும் எஞ்சினில் ஸ்குரு டிரைவரின் நுனியை வைத்து, கைப்பிடியைக் காதோரம் அழுத்தி, எங்கே கோளாறு என்று சொல்லிவிடுவாராம். எஞ்சின் இரைச்சலிலேயே அவர் செவியும் கெட்டது. தவில் சத்தம் கேட்கும், சைக்கிள் மணி கேட்காது. "கீச்சுச் சத்தம் மட்டும் ஏன் முதல்ல போவுது? அது என்ன கணக்கு?" என்று எஸ்தர் என்னிடம் கேட்டிருக்கிறார். காது முழுதாகக் கெடாமல் தவணை முறையில் கெடுவது அவருக்குத் தீராத ஆச்சரியம்.

தாராளமயம் வந்த புதிதில், ஊரில் பாதிப் பேர் பாஸ்போர்ட்டுக்கு அலைந்த காலத்தில், நாங்கள் இருவரும் அமெரிக்காவில் ஒரே ஆய்வகத்தில் சேர்ந்தோம். நான் திருத்துறைப்பூண்டிக்காரன், தஞ்சாவூர்க் கல்லூரி ஆய்வகத்தில் வேலை பழகியவன். தவளையின் உள்காதிலிருந்து செல்களை எடுத்து மைக்ராஸ்கோப்பில் வைப்போம். அவற்றின் தலையில் மிக நுண்ணிய முடிகள் நிற்கும். ஒலி வந்தால் முடி சாயும்; அந்தச் சாய்வு மின்சாரமாகி நரம்பில் ஏறும். "முடி சாயுது, அவ்ளோதான். அது எப்படிங்க பாட்டாவுது?" என்று வாரம் ஒருமுறையாவது கேட்பார். பதிலை எதிர்பார்த்துக் கேட்டதாகத் தெரியவில்லை.

ஒரு மாதம் எங்கள் செல்கள் தாமாகவே தாளம் போட்டன. ஒலியே இல்லாதபோதும் திரையில் கோடு ஆடியது, நொடிக்கு அறுபது முறை. கரண்டின் இரைச்சலை வடிகட்டும் கருவி போட்டாயிற்றா என்று பேராசிரியர் கேட்டார். போட்டாயிற்று என்றேன். புதிய கண்டுபிடிப்பு என்று அவர் கட்டுரை எழுத உட்கார்ந்துவிட்டார்.

ஒரு நாள் மதியம் செல்லை அப்படியே விட்டுவிட்டு எஸ்தர் தயிர்சாதம் சாப்பிடப் போனார். திரும்பி வந்து கூப்பிட்டார். "கருணா, இங்க வாங்க. இது செத்துப்போச்சு. ஆனா இன்னும் ஆடுது பாருங்க!" அந்தக் குரலில் அத்தனை குதூகலம். விளக்குகளை ஒவ்வொன்றாக அணைத்தார். மேசை விளக்கு அணைந்ததும் கோடு படுத்துவிட்டது; ஆடியது செல் அல்ல, விளக்கின் கரண்ட். பிறகு வடிகட்டியின் திருகைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். அது ஐம்பதில் இருந்தது. நம் ஊர்க் கரண்ட் நொடிக்கு ஐம்பது முறை அதிரும், அங்கே அறுபது. தஞ்சாவூரில் பழகிய கை, யோசிக்காமல் ஐம்பதில் வைத்துவிட்டது. அது என் கை.

என் விசா நீட்டிப்புக் கடிதம் அப்போது பேராசிரியரின் கையெழுத்துக்காகக் காத்திருந்தது. ஊரில் என் மனைவி பள்ளிக்கூட வேலையை விட்டுவிட்டு, என்னோடு வந்து சேர சூட்கேஸ் வாங்கி வைத்திருந்தாள். "எனக்கு விசா இன்னும் ரெண்டு வருஷம் இருக்கு. நீங்க வாயத் தொறக்காதீங்க" என்று சொல்லிவிட்டு எஸ்தர் நேரே பேராசிரியரின் அறைக்குப் போனார். திருகைத் தப்பாக வைத்தது தான்தான் என்றார்.

என் கடிதத்தில் கையெழுத்து விழுந்தது. எஸ்தரை ஒரு வருடம் காது ஆய்விலிருந்தே விலக்கி, செல்லைத் தொடும் ஊசிகளுக்காகக் கண்ணாடிக் குழாயைச் சூடாக்கி இழுத்துத் தரும் வேலைக்கு அனுப்பினார்கள். கரண்ட் எஸ்தர் என்ற பட்டம் மட்டும் அவரோடு கடைசிவரை வந்தது. தன் கேள்விக்கு அவர் திரும்பி வந்தார். நல்ல கட்டுரைகளும் எழுதினார். ஆனால் அந்த ஒரு வருடத்தை அவரிடமிருந்து எடுத்துக்கொண்டது நான்தான். அதற்காக வெட்கப்படுகிறேன்.

போன பொங்கலுக்குப் பேசும்போது, ஏன் அப்படிச் செய்தீர்கள் என்று ஒருவழியாகக் கேட்டேன். சிரித்தார். "செத்த செல்லு ஆடுச்சே கருணா! அத விட்டுட்டு யாரு தப்புன்னா பாப்பாங்க?" என்றார்.

அவர் தந்த வேலையில் வாழ்ந்து ஓய்வும் பெற்றுவிட்டேன். அவருடைய கேள்வியை என் மாணவர்களிடம் கொடுத்துவிட்டேன். அந்தத் தவறு மட்டும் இத்தனை நாள் அவர் பெயரில் இருந்தது. இனி அது என்னிடம் இருக்கட்டும்.