போறேன் என்று சொல்லக்கூடாது

எங்கள் வீட்டில் 'போறேன்' என்று சொன்னால் வாயிலேயே ஒரு அடி விழும். 'போயிட்டு வரேன்' என்றுதான் சொல்ல வேண்டும். தமிழர் வீடுகளில் எங்கும் உள்ள வழக்கம்தான். ஆனால் நாங்கள் குடியிருந்த பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே குவார்ட்டர்ஸில் அது கொஞ்சம் கூடுதல். அப்பாவுக்கு யார்டில் தண்டவாளம் மாற்றிவிடும் வேலை. நகர்கிற பெட்டிகளுக்கு நடுவே புகுந்து வருகிற ஆம்பிளை 'வரேன்' என்று சொல்லாமல் போய்விட்டால், அன்றைக்கு அம்மாவுக்குச் சோறு இறங்காது. நானெல்லாம் பின்கட்டுக் கக்கூசுக்குப் போகும்போதுகூட 'போயிட்டு வரேன்' என்று சொல்லிவிட்டுப் போனவள்.

இப்படிப் பழகிய வாயை வைத்துக்கொண்டுதான் இங்கிலீஷ் பள்ளிக்கூடத்தில் சேரப் புறப்பட்டேன். பின்னாளில் டீச்சராகி, எத்தனையோ பிள்ளைகளுக்கு இங்கிலீஷ் இலக்கணம் சொல்லிக்கொடுத்தும் அந்தப் பழக்கம் மட்டும் என்னைவிட்டுப் போகவில்லை.

சேர்த்துவிடக் கிளம்பியவள் என் சித்தி. அம்மாவின் தங்கை. கிள்ளானில் மிஷன் பள்ளிக்கூடத்தில் நன்றாகப் படித்துக்கொண்டிருந்தவளை, பெரிய மனுஷி ஆனதும் நிறுத்திவிட்டார்கள். பெற்றவர்கள் இருவரும் காலமான பிறகு எங்களோடு வந்து இருந்தாள். வந்தவள் சும்மா இருக்கவில்லை. தமிழ்ப் பள்ளிக்கூடத்தை முடித்துவிட்டு, இனி அம்மியும் அடுப்பும்தான் என்றிருந்த எங்கள் குவார்ட்டர்ஸ் வரிசைப் பெண்பிள்ளைகள், என்னையும் சேர்த்து மூன்று பேரைப் பிடித்து உட்கார வைத்தாள்.

"பெரிய பள்ளிக்கூடத்துக்குப் பாடம் மட்டும் தெரிஞ்சா பத்தாது. உள்ள நுழையுற விதம்னு ஒண்ணு இருக்கு," என்றாள்.

அந்த விதத்தைக் கற்றுக்கொள்வதற்குள் போதும் போதும் என்றாகிவிட்டது. நாற்காலியில் காலை மடக்கி ஏற்றிக்கொள்ளாமல் தொங்கவிட்டு உட்கார வேண்டும். 'ஆமாம்' என்பதற்குத் தலையை இரண்டு பக்கமும் ஆட்டினால் பள்ளிக்கூடத்து வெள்ளைக்காரத் துரைசானிக்குப் புரியாது. வாயைத் திறந்து 'எஸ், மேடம்' சொல்ல வேண்டும். பெரியவர்கள் பேசும்போது தரையைப் பார் என்று அம்மா எங்களைத் தட்டித் தட்டி வளர்த்திருந்தாள். சித்தி எங்கள் தாடையைப் பிடித்து நிமிர்த்தி, "கண்ணப் பாத்துப் பேசு. நீ என்ன திருடிட்டா போயிருக்க?" என்பாள். சப்பாத்து போட்டு நடக்கும் பாடமும் உண்டு. மூன்று பேருக்கும் சேர்த்து சித்தியின் பழைய கேன்வாஸ் சப்பாத்து ஒரே ஜோடிதான். நுனியில் துணியைத் திணித்துக்கொண்டு, சாக்கடை ஓரமாக முறைவைத்து நடப்போம். கயிறு கட்டுவது எனக்குக் கடைசிவரை வரவில்லை. முடிச்சுப் போடுவதற்குள் ஒரு கூட்ஸ் வண்டியே கடந்து போய்விடும்.

விடைபெறுகிற பாடத்தில்தான் மூவரும் ஒன்றாக மாட்டிக்கொண்டோம்.

"துரைசானி 'யூ மே கோ'ன்னு சொல்லுவாங்க. நீங்க 'தேங்க் யூ மேடம், ஐ ஆம் கோயிங்'னு சொல்லிட்டு எந்திரிச்சு வந்துடணும்."

"அப்படின்னா என்ன சித்தி?"

"போறேன்னு அர்த்தம்."

மூன்று பேரும் வாயைப் பொத்திக்கொண்டோம். அடுப்படியிலிருந்து அம்மா எட்டிப் பார்த்தாள். "ஏண்டி, படிக்கப் போற புள்ளைங்க வாயில இதையா வைக்கிற?"

"அக்கா, இங்கிலீஷ்ல போறது மட்டுந்தான். வர்றதை அவங்க அப்புறமா பாத்துக்குவாங்க," என்றாள் சித்தி.

இதற்கெல்லாம் பெரிய எதிரி என் பெரியப்பா. அப்பாவின் அண்ணன். கிள்ளான் பக்கம் ஒரு ரப்பர் எஸ்டேட்டில் கிராணி வேலை. துரைக்குக் கணக்கு எழுதுகிறவர் என்பதால் எங்கள் வீட்டில் அவர் சொல்தான் சட்டம். ஞாயிற்றுக்கிழமை ரயிலில் வந்து, எங்கள் வீட்டின் ஒரே நாற்காலியில் உட்கார்ந்து தீர்ப்புச் சொல்வார். சித்திக்கு மாப்பிள்ளையாக, மனைவியை இழந்த ஜெஞ்சாரோம் ஊர்க்காரர் ஒருவரைப் பார்த்து வைத்திருந்தார். அந்தப் பேச்சை எடுக்கும்போதெல்லாம் சித்திக்குத் திடீரென்று துணி துவைக்கிற வேலை வந்துவிடும்.

"அடுப்பூதுற பொண்ணுக்குப் படிப்பு எதுக்குடா?" என்று அப்பாவைப் பார்த்துக் கேட்டார். "இங்கிலீஷ் படிச்சா அடங்காது. உன் கொழுந்தியாளப் பாத்துமா புத்தி வரல?"

அப்பா தண்டவாளத்தை மாற்றத் தெரிந்தவர்; பேச்சை மாற்றத் தெரியாதவர். கிணற்றடியிலிருந்து சித்தியின் குரல்தான் வந்தது.

"அடுப்பூதவும் வாய் வேணும்ல மாமா? அதே வாயிலதான் இங்கிலீஷும் பேசறோம்."

பெரியப்பா அன்று சாப்பிடாமல் ரயிலேறிவிட்டார். எனக்கு உள்ளூர ஒரே குஷி. பயமும் இருந்தது. அப்பா அண்ணன் பேச்சைத் தட்டியதே இல்லை. துரைசானி சேர்த்துக்கொண்டால் தப்பித்தேன்; இல்லாவிட்டால் அவ்வளவுதான், இனி ஜென்மத்துக்கும் அம்மி.

எங்கள் மூவரில் ஒருத்தியை அவள் அப்பாவே நிறுத்திவிட்டார். மற்றவளும் நானும் சித்தியோடு பள்ளிக்கூடத்துக்குப் போனோம். அவள் சிறியவள், உடனே எடுத்துக்கொண்டார்கள். என் முறை வந்தது. துரைசானியின் கண்ணைப் பார்த்தேன். பூனைக்கண். வாசித்தேன், பெயர் சொன்னேன், ஒரு தடவைதான் தலையை ஆட்டினேன். ஆனால் துரைசானி சித்தியிடம் திரும்பி ஏதோ சொன்னார். இங்கிலீஷை முதலிலிருந்து தொடங்க எனக்கு வயது அதிகமாம். என் வயதுப் பிள்ளைகளோடு உட்கார இங்கிலீஷ் போதாதாம். வகுப்பிலும் இடமில்லையாம். அப்படியென்றால் நான் எங்கேதான் உட்காருவது?

"யூ மே கோ, மை டியர்."

எழுந்தேன். 'ஐ ஆம் கோயிங்' என்பது தொண்டைவரை வந்து நின்றுவிட்டது. சொன்னால் போனதுதான், திரும்பி வரவே மாட்டேன் என்று எனக்குப் பட்டது. எங்கிருந்து வந்ததோ அந்தப் பிடிவாதம்.

"ஐ வில் கோ அண்ட் கம், மேடம்," என்றேன்.

துரைசானி சிரித்தார். "நோ, நோ. யூ நீட் நாட் கம்."

"ஐ வில் கோ அண்ட் கம்."

இந்த முறை அவர் சிரிக்கவில்லை. சித்தி என்னைத் திட்டுவாள், நமது வழக்கம் இது என்று துரைசானிக்கு விளக்கமாவது சொல்வாள் என்று பார்த்தேன். அவள் இரண்டும் செய்யவில்லை. "ஷி வில், மேடம்," என்று மட்டும் சொல்லிவிட்டு என் கையைப் பிடித்து நடத்திக்கொண்டு வந்தாள்.

வீட்டில் அழுதேன். அம்மா விட்டது தொல்லை என்று பெருமூச்சு விட்டாள். சித்தி மட்டும் மறுநாளும் பாடத்தைத் தொடங்கினாள். கோ – வென்ட், கம் – கேம். "அழுத பிள்ளைதான் பால் குடிக்கும். ஆனா வீட்டுல அழுதா கிடைக்காது. அங்க போய் அழணும்," என்றாள். அவளுடைய பழைய பள்ளிச் சீருடையைப் பிரித்து எனக்குத் தைத்தாள்.

பள்ளி திறந்த அன்று காலை, யாரும் கூப்பிடாமலே கிளம்பினோம். அம்மா என்னை இழுத்து உட்கார வைத்து, எண்ணெய் வழியாமல், சித்தி சொல்வதுபோலவே வறட்டுத் தலையாக இரட்டைச் சடை பின்னிவிட்டாள். எண்ணெய் வைக்காத தலையைத் தரித்திரம் என்று சொல்கிறவள் அவள்.

வகுப்பில் துரைசானி பெயர் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். ஒரு பெயருக்குப் பதில் வரவில்லை. மறுபடியும் கூப்பிட்டார். அந்தப் பிள்ளையின் நாற்காலி காலியாகவே இருந்தது. வாசலில் நின்ற சித்தி என் முதுகில் ஒரு தள்ளு தள்ளினாள். நேரே போய் அதில் உட்கார்ந்தேன், காலைத் தொங்கவிட்டுக்கொண்டு.

துரைசானி மூக்குக்கண்ணாடியை இறக்கிப் பார்த்தார். நான் மறுபடி எழுந்து, அவர் கண்ணைப் பார்த்து, புதிதாகக் கற்ற பாடத்தை ஒப்பித்தேன்.

"ஐ வென்ட் அண்ட் கேம், மேடம்."

அவர் உதட்டைக் கடித்துக்கொண்டது எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. கோபமா சிரிப்பா என்று தெரியவில்லை. வாசலில் நின்ற சித்தியை ஒரு முறை பார்த்தார். "கொஞ்ச நாள் பார்க்கிறேன்" என்கிற மாதிரி ஏதோ சொல்லிவிட்டு, "சிட் டவுன்" என்றார். உட்கார்ந்தேன். அந்த நாற்காலியிலிருந்து அதன்பிறகு யாரும் என்னை எழுப்பவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை பெரியப்பா வந்தார். நான் பள்ளிக்கூடம் இல்லாத அன்றைக்கும் ஆசையாகச் சீருடையை மாட்டிக்கொண்டு பின்னறையில் எழுத்துக்கூட்டிக்கொண்டிருந்தேன். முன்னறையில் சத்தம். 'ஜெஞ்சாரோம்', 'தாம்பூலம்' என்றெல்லாம் காதில் விழுந்தது. பிறகு சித்தியின் குரல்: கிள்ளான் மிஷன் விடுதியில் சின்னப் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுக்க அழைத்திருக்கிறார்கள், அங்கே போய்த் தங்கப்போகிறேன், இந்தக் கல்யாணம் வேண்டாம். "படிதாண்டினா இந்த வீட்டுக்குத் திரும்பி வராத," என்று பெரியப்பா கத்தினார். பெரியப்பா கத்துவது எனக்குப் பழகிப்போனது. நான் 'பியூட்டிஃபுல்' என்ற சொல்லோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தேன்.

எட்டிப் பார்த்தபோது சித்தி தகரப் பெட்டியோடு வாசலில் நின்றாள். அப்பா தலை குனிந்திருந்தார். பெரியப்பா நாற்காலியில் விறைப்பாக உட்கார்ந்திருந்தார். சித்தி அவர் கண்ணைப் பார்த்தாள்.

"போறேன்," என்றாள். தெளிவாக, தமிழில்.

அம்மா முந்தானையால் வாயை மூடிக்கொண்டு குலுங்கினாள். எனக்குச் சித்தியின் மேல் கோபமே வந்தது. எங்களுக்கெல்லாம் பாடம் நடத்தி நடத்தி, நல்ல தமிழை இவள் மறந்துவிட்டாளே! வாசலுக்கு ஓடினேன்.

"சித்தி, தப்பு! 'போயிட்டு வரேன்'னு சொல்லுங்க. அம்மா அழுவுறாங்க பாருங்க."

சித்தி குனிந்து என் தாடையைப் பிடித்து நிமிர்த்தினாள். அவள் கண் நிறைந்திருந்தது. ஆனால் சிரித்துக்கொண்டுதான் இருந்தாள்.

"தப்பு இல்லடி. நான் போறேன். நீ வா."

சொல்லிவிட்டுப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு தண்டவாளத்து ஓரமாக நடந்தாள். ஸ்டேஷன் வரைக்கும் கூட வரச் சொல்கிறாள் என்றுதான் அன்றைக்கு நான் நினைத்தேன். உள்ளே ஓடி, சப்பாத்தை எடுத்து மாட்டிக்கொண்டு, அவசர அவசரமாகக் கயிறு கட்டத் தொடங்கினேன்.